சரக்கே கணக்கெழுதும் கடை
(நுண்ணுயிருக்குள் ரைபோசோம் புரதங்களின் அளவு எப்படிக் கட்டுப்படுகிறது?)

2009 அக்டோபரில் வெங்கட்ராமன் ராமகிருஷ்ணனுக்கு வேதியியல் நோபல் பரிசு என்று செய்தி வந்த வாரமே நம் சங்கத்தில் ஒரு பாராட்டுக் கூட்டம் வைத்தோம். பலருக்கு நினைவிருக்கும். சிதம்பரத்தில் பிறந்தவர், மூன்று வயதில் பெற்றோருடன் பரோடாவுக்கு வந்தவர், அங்கேயே 1971-இல் இயற்பியல் பட்டம் பெற்றவர், அகமதாபாத்தில் இருக்கும் நமக்கு இரண்டு மணி நேரத் தூரத்துக்காரர் என்றெல்லாம் ஆறேழு பேர் பேசினோம். கடைசியில் ஒரு பள்ளிக்கூடப் பையன் எழுந்து, "அங்கிள், ரைபோசோம்னா என்ன?" என்று கேட்டான். மேடையில் இருந்தவர்களில் புத்தகம் படிக்கிறவன் என்று பெயர் வாங்கியிருந்தவன் நான்தான். "அது உடம்புக்குள் இருக்கும் ஒரு தொழிற்சாலை, தம்பி" என்று சொல்லிச் சமாளித்தேன். அதோடு விட்டிருக்கலாம். கிருமிகளைப் பற்றி நம் சமணப் பெரியோர் அன்றைக்கே சொல்லியிருக்கிறார்கள், நிகோதம் என்பது இந்தப் பாக்டீரியாதான் என்றும் ஒரு போடு போட்டேன். பலத்த கைதட்டல்.

வீட்டுக்கு வந்ததும் தூக்கம் வரவில்லை. தொழிற்சாலை என்றால் அதில் என்ன மெஷின், யார் மேஸ்திரி, கச்சாப் பொருள் என்ன என்று ஒரு வியாபாரி கேட்கவேண்டிய கேள்வி எதற்குமே எனக்குப் பதில் தெரியாது. நிகோதத்தைப் பற்றிச் சொன்னதும் தப்பு. எண்ணற்ற உயிர்கள் ஒரே உடலைப் பங்கு போட்டுக்கொள்வது நிகோதம். பாக்டீரியா ஒவ்வொன்றுக்கும் தனித்தனி உடல், தனித்தனிச் சுவர். ஒரு பேரேட்டில் எழுதவேண்டியதை இன்னொரு பேரேட்டில் எழுதினால் இரண்டு கணக்குமே கெட்டுப்போகும். அன்று கைதட்டிய அன்பர்களுக்கு அந்தத் திருத்தத்தை இந்த மலரின் வழியாக இப்போதாவது சொல்லிவிடுகிறேன்.

அன்றைக்குத் தொடங்கிய படிப்பு இது. உயிரியல் பட்டதாரியான என் பேத்தி பேப்பர்களை அச்செடுத்துக் கொடுப்பாள்; புரியாத இடத்தில் கோடு போட்டு வைப்பேன்; ஞாயிற்றுக்கிழமை வந்து சொல்லிக் கொடுப்பாள். ரைபோசோமைப் பற்றி எவ்வளவோ இருந்தாலும் என் மனத்தைப் பிடித்துக்கொண்டது ஒரு சின்னப் பகுதிதான்: அந்தத் தொழிற்சாலையின் உதிரி பாகங்கள் எப்படிக் கூடாமலும் குறையாமலும் உற்பத்தி ஆகின்றன என்பது. நாற்பது வருஷமாகப் பம்ப்செட் ஸ்பேர் பார்ட்ஸ் விற்கிறவனுக்கு வேறு எதில் மனம் போகும்?

முதலில் அந்தப் பையனுக்குச் சொல்ல வேண்டிய பதில். உயிரணுவில் நடக்கும் வேலை பெரும்பாலும் புரதங்களால் நடக்கிறது. எந்தப் புரதத்தை எப்படிக் கோக்க வேண்டும் என்ற குறிப்பு டி.என்.ஏ.வில் இருக்கிறது. அதிலிருந்து அவ்வப்போது ஒரு நகல் எடுக்கப்படுகிறது. அதுதான் தூது ஆர்.என்.ஏ.; நம் பாஷையில் ஆர்டர் சீட்டு. அந்தச் சீட்டைப் படித்து, அதில் உள்ளபடி அமினோ அமிலங்களை ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்துப் புரதமாக்கும் இயந்திரம்தான் ரைபோசோம். சிறியது ஒன்று, பெரியது ஒன்று என்று இரண்டு பாகங்கள். நம் குடலில் வாழும் ஈ. கோலி என்ற பாக்டீரியாவில் சிறிய பாகத்தில் 21 புரதங்கள், பெரிய பாகத்தில் 33. இவற்றைத் தாங்கும் சட்டமாக மூன்று ஆர்.என்.ஏ. இழைகள் உண்டு, அவற்றுக்கு ரைபோசோம் ஆர்.என்.ஏ. என்று பெயர். எடையில் மூன்றில் இரண்டு பங்கு இந்த இழைகள்தான். புரதங்களுக்குச் சிறிய பாகத்தைச் சேர்ந்தவை எஸ் 1, எஸ் 2 என்றும், பெரிய பாகத்தைச் சேர்ந்தவை எல் 1, எல் 2 என்றும் நம்பர். அந்தப் பட்டியலிலும் நம் ஸ்டாக் புத்தகத்தில் நேர்வதுபோல இரட்டைப் பதிவுகள் நேர்ந்திருக்கின்றன. எல் 8 என்று தனியாக எழுதியது பிறகு பார்த்தால் எல் 10, எல் 12 இரண்டும் ஒட்டிக்கொண்டிருந்த கூட்டு. எல் 26 என்று எழுதியது எஸ் 20-தான். படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது, ஆறுதலாகவும் இருந்தது.

ரைபோசோம் நமக்கு எவ்வளவு நெருக்கமான விஷயம் என்பதற்கு ஒன்று சொல்கிறேன். 1970-களில் என் அண்ணனுக்குக் காசநோய் வந்தது. வந்தவாசிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து மாதக்கணக்கில் ஊசி போட்டுக்கொள்ள அழைத்துப் போனோம். ஸ்ட்ரெப்டோமைசின். பிழைத்துக்கொண்டார், காது மட்டும் கொஞ்சம் மந்தமாகிவிட்டது. அந்த மருந்துக்கு அப்படி ஒரு பக்கவிளைவு உண்டு. அது கிருமியின் ரைபோசோமில் சிறிய பாகத்தில் போய் உட்கார்ந்து வேலையைக் கெடுக்கும் மருந்து என்று அப்போது எங்களுக்கு யார் சொல்வார்கள்? எங்கே எப்படி உட்காருகிறது என்பதைத் துல்லியமாகக் காட்டியது ராமகிருஷ்ணன் குழுவினர் 2000-ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வு. டெட்ராசைக்ளின், எரித்ரோமைசின், குளோராம்பெனிகால் எல்லாமே ரைபோசோமைத் தாக்குகிறவைதான். கிருமியின் உயிர்நிலை அங்கே இருக்கிறது.

இனி நம் கணக்குக்கு வருவோம். நன்றாகத் தீனி கிடைத்து, இருபது நிமிஷத்துக்கு ஒருமுறை இரண்டாகப் பிரியும் ஈ. கோலி ஒன்றுக்குள் ஏறக்குறைய 70,000 ரைபோசோம்கள் இருக்கும். தீனி குறைந்து மெதுவாக வளரும்போது சில ஆயிரம்தான். வேகமாக வளரும் காலத்தில் அதன் உலர்ந்த எடையில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் ரைபோசோம்களே அடைத்துக்கொள்கின்றன. முதலீட்டில் அவ்வளவு பெரிய பகுதி ஒரே சரக்கில் முடங்கியிருக்கிறது என்றால் கணக்கில் கண்ணாக இருக்கத்தானே வேண்டும்?

(இடையில் ஒரு வார்த்தை. நம் ஊர் டிசம்பர் குளிரில் இட்லி மாவு புளிக்காமல் வீட்டுப் பெண்கள் படும் பாட்டுக்கும் இதுதான் காரணம் என்று நான் பேத்தியிடம் அடித்துச் சொன்னேன். "இல்ல தாத்தா, அது வேற" என்று 1958-இல் கோபன்ஹேகனில் நடந்த ஒரு சோதனையைக் காட்டினாள். தீனியின் தரத்தைப் பொறுத்துத்தான் பாக்டீரியாவில் ஆர்.என்.ஏ. கூடிக் குறைகிறது, குளிர் சூட்டைப் பொறுத்து அல்ல. குளிரில் ரைபோசோம்களின் எண்ணிக்கை ஏறக்குறைய அப்படியே இருக்கும், ஒவ்வொன்றும் மெதுவாக வேலை செய்யும். கடை ஆட்கள் எல்லோரும் வந்திருக்கிறார்கள், கை விறைத்துப்போய் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள்.)

சிக்கல் எங்கே என்றால், ஒரு ரைபோசோமுக்கு அநேகமாக எல்லாப் புரதமும் ஒவ்வொன்றுதான் வேண்டும். எல் 12 மட்டும் விலக்கு, ஈ. கோலியில் அது நான்கு. இந்த ஐம்பத்துச் சொச்சம் புரதங்களுக்கும் குறிப்புகள் ஒரே இடத்தில் இல்லை. இருபது வாக்கில் தனித்தனிக் கட்டுகளாகச் சிதறிக் கிடக்கின்றன. ஒரு கட்டில் அடுத்தடுத்து இருக்கும் மரபணுக்கள் எல்லாம் ஒரே நீளச் சீட்டாக நகலெடுக்கப்படும். அதற்கு ஓபரான் என்று பெயர். ஒரு கட்டில் பதினொரு புரதங்கள் இருக்கும், இன்னொன்றில் இரண்டே இரண்டு. தனித்தனிக் கட்டிலிருந்து வருபவை எல்லாம் ஒரே எண்ணிக்கையில் இருக்க வேண்டும், அதோடு ஆர்.என்.ஏ. சட்டத்தின் எண்ணிக்கையோடும் பொருந்த வேண்டும்.

ரிப்பேர் செட் விற்றவர்களுக்கு இது புரியும். ஆயில் சீல், கேஸ்கட், புஷ், பேரிங் எல்லாம் சேர்ந்தால்தான் ஒரு செட். ஒருமுறை கேஸ்கட்டை நானே போனில் இரண்டு தடவை ஆர்டர் பண்ணிவிட்டேன். மற்ற சாமான் நூறு செட்டுக்கு இருந்தது, கேஸ்கட் மட்டும் இருநூறு. மிச்ச நூறும் மூன்று வருஷம் தட்டில் கிடந்து காய்ந்து வெடித்தது. பணம் போனது ஒரு பக்கம், தட்டில் இடமும் போனது. அதன்பிறகுதான் இருப்புக் கணக்குக்கென்றே ஒரு குமாஸ்தாவை வைத்தேன்.

பாக்டீரியாவில் குமாஸ்தா யார்? இந்தக் கேள்விக்கு விடை கண்டவர்களில் முதன்மையானவர் மசயாசு நொமுரா. 1927-இல் ஜப்பானில் பிறந்து, அமெரிக்காவில் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்திலும் பிறகு கலிபோர்னியாவில் அர்வைனிலும் வேலை செய்து 2011-இல் மறைந்தவர். 1968-இல் பீட்டர் டிராப் என்பவரோடு சேர்ந்து, சிறிய பாகத்தின் ஆர்.என்.ஏ.வையும் புரதங்களையும் தனித்தனியாகப் பிரித்து, மறுபடி சோதனைக் குழாயில் ஒன்றாகப் போட்டு, அவை தாமாகவே கூடி வேலை செய்யும் பாகமாவதைக் காட்டினார். மேஸ்திரி தேவைப்படவில்லை. ஆனால் எல்லாப் புரதமும் நேராக ஆர்.என்.ஏ.வில் உட்கார்வதில்லை. எஸ் 4, எஸ் 7, எஸ் 8, எஸ் 15 மாதிரிச் சில முதலில் உட்காரும். மற்றவை அவற்றைப் பார்த்துப் பின்னால் வந்து சேரும். இந்த முதல் வரிசைக்காரர்களை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

1979, 1980 வாக்கில் நொமுராவின் ஆய்வகத்தில் ஒரு புதிர். பாக்டீரியாவுக்குள் ரைபோசோம் புரத மரபணுக்களின் உபரிப் பிரதிகளைப் புகுத்திப் பார்த்தார்கள். பிரதி கூடியதற்குத் தக்கபடி ஆர்டர் சீட்டும் கூடியது. புரத உற்பத்தி அப்படிக் கூடவில்லை. சீட்டுகள் குவிந்து கிடந்தன, சரக்கு வரவில்லை. அப்படியானால் தடை சீட்டு எழுதும் இடத்தில் இல்லை, அதைப் படிக்கும் இடத்தில் இருக்கிறது. அடுத்து, உயிரணுவுக்கு வெளியே குழாயில் புரதம் செய்து பார்த்தார்கள். அதில் எஸ் 4, எஸ் 8, எல் 1 ஆகியவற்றை உபரியாகச் சேர்த்தால், அந்தந்தப் புரதமும் அதே கட்டைச் சேர்ந்த வேறு சிலவும் உற்பத்தி ஆவது நின்றது. புரதமே தன் உற்பத்தியை நிறுத்துகிறது!

எப்படி? இங்கேதான் ஆர்.என்.ஏ.வின் உருவம் வருகிறது. ஆர்.என்.ஏ. நான்கு எழுத்துகள் கோத்த நூல். ஏ என்ற எழுத்துக்கு யு ஜோடி, ஜி-க்கு சி ஜோடி. ஒரே நூலில் தள்ளித் தள்ளி இருக்கும் ஜோடிகள் ஒன்றையொன்று பற்றிக்கொள்வதால் அது மடிந்து, கொண்டை ஊசி போன்ற வளைவுகளாகவும் முடிச்சுகளாகவும் உருவெடுக்கும். ரைபோசோம் ஆர்.என்.ஏ.வில் எஸ் 8, எல் 1 போன்றவை அடையாளம் கண்டு உட்காருவது இப்படிப்பட்ட குறிப்பிட்ட மடிப்புகளில்தான். அந்த மடிப்பைப் போலவே ஒரு மடிப்பு அந்தந்தக் கட்டின் ஆர்டர் சீட்டிலும் இருக்கிறது என்று 1980-இல் நொமுராவும் கூட்டாளிகளும் எழுதினார்கள். அசல் நாற்காலி ரைபோசோமில். அதைப் போன்ற இன்னொரு நாற்காலி சீட்டில்.

மீதிக் கணக்கு தானாக விழுகிறது. எல் 1 புதிதாகச் செய்யப்பட்டதும் அசல் நாற்காலி காலியாக இருந்தால் அங்கேதான் போய் உட்காரும், அந்தப் பிடிப்பு வலுவானது. ஆர்.என்.ஏ. சட்டம் எல்லாம் நிரம்பிவிட்டால் உபரி எல் 1-க்கு உட்கார இடமில்லை. அது சீட்டில் உள்ள மடிப்பில் போய் உட்காருகிறது. ரைபோசோம் வந்து படிக்கத் தொடங்கவேண்டிய இடம் அதனால் மறைந்துபோகிறது. எல் 11, எல் 1 இரண்டும் ஒரே சீட்டில் ஒன்றோடொன்று தொடுத்த மாதிரி படிக்கப்படுபவை. முதலாவதின் வாசல் அடைத்தால் இரண்டாவதும் நிற்கும். மறுபடி புதுச் சட்டம் உற்பத்தியானதும் உபரி அங்கே போய்விடும், சீட்டு திறந்துகொள்ளும். ஆர்.என்.ஏ. சட்டம் எத்தனை செய்வது என்பதை உயிரணு தீனியைப் பார்த்து முடிவு செய்கிறது. புரதங்கள் அதன் பின்னாலேயே வருகின்றன. ஒவ்வொரு கட்டிலும் இப்படி ஒரு புரதம் மற்றவற்றுக்காகவும் சேர்த்துக் கணக்குப் பார்க்கிறது. அதில் பெரும்பாலும் அந்த முதல் வரிசைக்காரர்களைத்தான் காண்கிறோம். நேரடியாக ஆர்.என்.ஏ.வில் உட்காரத் தெரிந்தவனுக்குத்தான் சீட்டிலும் உட்காரத் தெரியும். தனியாகக் குமாஸ்தா இல்லை. விற்காத கேஸ்கட் தட்டிலிருந்து தானே எழுந்துபோய் ஆர்டர் புத்தகத்தின்மேல் உட்கார்ந்துகொண்டால் எப்படியோ, அப்படி.

நிறுத்தும் வித்தை ஒன்றே ஒன்று என்று நினைத்துவிடக் கூடாது. எனக்கு மிகவும் பிடித்தது எஸ் 15 செய்வது. அதன் சீட்டின் தலைப்பகுதி இரண்டு விதமாக மடிய வல்லது. ஒரு விதத்தில் இரண்டு கொண்டை ஊசிகள். இன்னொரு விதத்தில், ஒரு கொண்டை ஊசியின் வளைவில் உள்ள எழுத்துகள் வெளியே தள்ளியிருக்கும் எழுத்துகளோடு கைகோத்து ஒரு முடிச்சாகிவிடும். முடிச்சு மாதிரி தெரியும், இழுத்தால் அவிழும். அதனால் விஞ்ஞானிகள் பொய் முடிச்சு என்று பெயர் வைத்தார்கள். எஸ் 15 இந்தப் பொய் முடிச்சைப் பிடித்து இறுக்குகிறது. அப்போது ரைபோசோம் வந்து உட்கார முடியாமல் போவதில்லை, உட்காருகிறது! ஆனால் படிக்க முடியாமல் அப்படியே சிக்கி நிற்கிறது. உபரி எஸ் 15 விலகியதும் முடிச்சு அவிழ்ந்து, ஏற்கெனவே வாசலில் நிற்கும் ரைபோசோம் உடனே வேலையைத் தொடங்கிவிடுகிறது. கடையை மூடிவிட்டுப் போவது ஒன்று, ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு ஆளை உள்ளேயே உட்கார வைத்திருப்பது ஒன்று. 2007-இல் ஐரோப்பிய ஆய்வாளர்கள் ரைபோசோம் இப்படிச் சிக்கி நிற்கும் நிலையை எலக்ட்ரான் நுண்ணோக்கியில் படமாகவே எடுத்துவிட்டார்கள். எஸ் 4-உம் இந்த வகைதான்.

எல் 4 வேறு வழி. அது பதினொரு புரதங்கள் கொண்ட ஒரு பெரிய கட்டின் காவலாளி. உபரியானால் சீட்டைப் படிப்பதைத் தடுப்பதோடு, சீட்டு எழுதப்படும்போதே தலைப்பகுதியில் உள்ள ஒரு கொண்டை ஊசி மடிப்பின் துணையோடு எழுத்தை நடுவில் முறித்துவிடுகிறது. எஸ் 8-க்கு இன்னொரு சங்கடம்: அதன் கட்டில் நாற்காலி மடிப்பு மூன்றாவது மரபணு தொடங்கும் இடத்தில் இருக்கிறது. அதற்கு முன்னால் உள்ள இரண்டை எப்படி நிறுத்துவது? படிக்கப்படாமல் கிடக்கும் பின்பகுதி அரிக்கப்பட்டு, அந்த அரிப்பு முன்பகுதிக்கும் பரவி, அவையும் குறைகின்றன.

இதெல்லாம் ஈ. கோலியின் கதை. மற்ற நுண்ணுயிர்களில் பார்த்தபோது விஷயம் இன்னும் சுவையானது. எஸ் 15 எல்லாப் பாக்டீரியாவிலும் ஏறக்குறைய ஒரே புரதம். ஆனால் அது உட்காரும் சீட்டு மடிப்பு இனத்துக்கு இனம் வேறு. வெந்நீர் ஊற்றில் வாழும் தெர்மஸ் என்ற பாக்டீரியாவில் அது மூன்று கிளை கூடும் சந்தி. ரைபோசோமில் உள்ள அசல் இடத்தை அப்படியே அச்செடுத்த மாதிரி. ஈ. கோலியின் பொய் முடிச்சிலோ அசலின் சாயல் கொஞ்சம்தான். 2014-இல் அமெரிக்காவில் பாஸ்டன் கல்லூரியைச் சேர்ந்த மிஷெல் மேயர் குழுவினர் வேறு பாக்டீரியாக் குலங்களில் தேடி, எஸ் 15-க்கு இன்னும் புதிய வடிவங்களைக் கண்டார்கள். ஒரே தாத்தா எழுதிவைத்த உயிலைப் பேரன்கள் காப்பாற்றி வந்தது போல இல்லை இது. தேவை ஒன்றாக இருந்ததால் அவரவர் தனித்தனியாகவே பூட்டுச் செய்துகொண்டார்கள் என்றுதான் எண்ணத் தோன்றுகிறது. எல் 1 விஷயத்தில் நேர்மாறு: பாக்டீரியாவே அல்லாத ஆர்க்கியா என்ற தனிக் குலத்தில், மீத்தேன் வாயு உண்டாக்கும் மெத்தனோகாக்கஸிலும் எல் 1 தன் சீட்டில் அசலைப் போன்ற மடிப்பில்தான் உட்காருகிறது.

ஒரு நாள் பேத்தியிடம் கேட்டேன்: "இந்தக் கணக்கு தப்பினாத்தான் என்னம்மா? கொஞ்சம் புரதம் வீணாகும், அவ்வளவுதானே?" நான் கேஸ்கட்டை நினைத்துக்கொண்டு கேட்டேன். அவள் மேயர் குழுவினரே 2018-இல் வெளியிட்ட ஒரு கட்டுரையைக் கொண்டுவந்து போட்டாள். பாசில்லஸ் சப்டிலிஸ் என்பது மண்ணில் வாழும் பாக்டீரியா. அதில் எல் 20 தன் சீட்டின் மடிப்பில் உட்கார்ந்து, எழுத்தையே நடுவில் முறித்து, எல் 20, எல் 35 இரண்டின் உற்பத்தியையும் அடக்குகிறது. அந்த மடிப்பில் ஓர் எழுத்தை மாற்றி, எல் 20 அங்கே உட்கார முடியாதபடி செய்தார்கள். புரதத்தைத் தொடவில்லை, நாற்காலியை மட்டும் கெடுத்தார்கள். நுண்ணுயிர் சாகவில்லை. ஆனால் வேகமாக வளரவேண்டிய பருவத்தில் வளர்ச்சி குறைந்தது. குறைந்த வெப்பநிலையில் ரைபோசோம் ஆர்.என்.ஏ. சரியாகப் பதப்படாமல் நின்றது.

"பாருங்க தாத்தா, உபரியா இருந்தா வீண் மட்டும் இல்ல, சேர்க்கிற வேலையே கெட்டுப்போகுது" என்றாள். தட்டில் கிடந்த அந்த நூறு கேஸ்கட்டும் மற்ற சாமானைத் தொந்தரவு செய்யவில்லை. இங்கே உபரி போய்ச் செட்டுக்குள்ளேயே கை வைக்கிறது. என் கடை உவமை அந்த இடத்தில் உதவவில்லை என்று ஒப்புக்கொண்டேன். அவள் அந்தக் கட்டுரையில் நான் கோடு போட்ட இடத்துக்குப் பக்கத்தில் பென்சிலால் ஒரு டிக் போட்டுக் கொடுத்தாள்.